மேடையும் கமராவும்: ஒளிப்பதிவுகளினூடாகச் செந்நெறி நாடகங்களைக் கற்றல்

நாடக இலக்கியம் என்னும் தொடரே தன்னுள் ஒரு முரண்பாட்டை அடக்கியுள்ளது. நாடகம் நிகழ்ந்து மறைவது. இலக்கியம் எழுத்தில் நின்று நிலைப்பது. பல்கலைக்கழகங்களிலே நாம் கற்பது பெரும்பாலும் இரண்டாவதையே. சோபோகிளிசும் சேக்ஸ்பியரும் நமக்கு அடிக்குறிப்புகளோடு கூடிய பாடநூல்களாகவே அறிமுகமாகின்றனர். பாத்திரப் பண்பு, கதைப் பின்னல், உவமை, முரண் எனப் பகுத்து விடை எழுதப் பழகிய மாணவர் ஒருவர், தாம் நான்கு ஆண்டுகளாகக் கற்ற நாடகங்களுள் ஒன்றையேனும் மேடையிற் காணாமலே பட்டதாரியாகிவிடுதல் கூடும். இந்நிலைக்கு ஆதரவாக அரிஸ்ரோட்டிலையே சாட்சிக்கு அழைக்கலாம். காட்சியமைப்பு கவிஞனின் கலையோடு மிகக் குறைந்த தொடர்புடையது, துன்பியலின் ஆற்றலை நடிப்பின்றி வாசிப்பிலேயே உணரலாம் என்னும் கருத்து அவரது கவிதையியலிலே உண்டு. சாள்ஸ் லாம் 1811இல் இன்னும் ஒருபடி மேலே சென்று, லியர் மன்னனை மேடையில் நடித்துக் காட்டவே இயலாது என எழுதினார். அக்காலத்து ஆங்கில மேடையில் ஆட்சி செலுத்தியது சேக்ஸ்பியரின் லியர் அன்று என்பதும், நாகும் ரேற் என்பார் 1681இல் திருத்தியெழுதிக் கோர்டீலியாவை உயிர்தப்பவைத்து மணமும் முடித்துவைத்த லியரே என்பதும் இங்கு மனங்கொள்ளத்தக்கன. அந்தத் திருத்தத்தை லாமும் சாடினார். அவரது கண்டனம் அரங்கக் கலையை நோக்கியதா, அவர் கண்ட அரங்கை நோக்கியதா என்பதை நாம் கேட்டுக்கொள்ள வேண்டியுள்ளது.

இப்போது நிலைமை மாறியுள்ளது. இலண்டனிலுள்ள தேசிய அரங்கு 2009இலே ஹெலன் மிறன் நடித்த 'பேத்ரா' நாடகத்தோடு தன் மேடையேற்றங்களைத் திரையரங்குகளுக்கு நேரடியாக ஒளிபரப்பத் தொடங்கியது. 2020இல் கொள்ளைநோயினால் அரங்குகள் மூடப்பட்டிருந்த வேளையிலே, அதே நிறுவனம் சில மாதங்கள் வாரத்துக்கொன்றாகத் தன் பதிவுகளை இணையவழி இலவசமாக வழங்கிற்று. பேராதனையிலோ யாழ்ப்பாணத்திலோ விடுதி அறையிலிருந்து ஒரு மாணவர் இலண்டன் மேடையைக் காணலாம் என்பது முன்னைய தலைமுறையினர் எண்ணிப்பார்த்திராத வாய்ப்பு. இவ்வாய்ப்பை இகழ்தல் அறியாமை. ஆயினும், திரையிற் கண்டதையே நாடகம் என்று கொள்வதும் பாடநூலையே நாடகம் என்று கொள்வதும் ஒரே தவறின் இரு முகங்களென்றே நான் கருதுகின்றேன். இவ்விரண்டுக்குமிடையே மாணவர் எங்கு நிற்பது என்பதே இக்கட்டுரையின் பிரச்சினை.

முதலில் ஒரு வேறுபாட்டைத் தெளிவுபடுத்திக்கொள்ளல் வேண்டும். குரொசாவா 1957இல் மக்பெத்தைத் தழுவி யப்பானிய மண்ணிலே எடுத்த திரைப்படமும், கொசின்ற்செவ் 1964இல் உருசிய மொழியில் ஆக்கிய ஹம்லெற்றும் திரைக்கலைக்கு உரியவை. அவற்றைத் திரைப்படங்களாகவே மதிப்பிடல் வேண்டும். இங்கு நாம் நோக்குவது, மேடைக்கெனத் தயாரிக்கப்பட்டுப் பார்வையாளர் முன்னிலையில் நடிக்கப்பெற்ற அளிக்கையொன்று கமராவினாற் பதிவுசெய்யப்பட்டு நம்மை வந்தடையும் நிலையை. இதிலும் இருவகை உண்டு. பார்வையாளர் கூடியிருந்த அரங்கிலேயே எடுக்கப்பட்ட பதிவு ஒன்று. மேடைத் தயாரிப்பைப் படப்பிடிப்புக் கூடத்துக்கு இட்டுச்சென்று மறுபடி நடிக்கச் செய்து எடுத்தது மற்றொன்று.

இரண்டாம் வகைக்கு ஒலிவியரின் ஒதெல்லோ தக்க எடுத்துக்காட்டு. ஜோன் டெக்ஸ்ரரின் நெறியாள்கையில் 1964இல் ஓல்ட் விக் அரங்கிலே மேடையேறிய இத்தயாரிப்பு, அடுத்த ஆண்டு ஸ்ருவேட் பேர்ஜினாற் படமாக்கப்பட்டது. நாடகப் பிரதி அதிகம் குறைக்கப்படவில்லை. ஒலிவியர், மகி ஸ்மித், பிராங் பின்லே, ஜொய்ஸ் றெட்மன் ஆகிய நால்வரும் நடிப்புக்கான ஒஸ்கார் பரிசுக்குப் பிரேரிக்கப்பட்டனர்.

விமர்சன மாணவருக்கு இப்படத்தில் உள்ள முதற் கவர்ச்சி வேறு. எவ். ஆர். லீவிஸ் 1937இல் ஒதெல்லோ பற்றி எழுதிய கட்டுரையை நம்மிற் பலர் அறிவர். இயாகோவின் சூழ்ச்சிக்கு இரையான தூய வீரன் என்ற பிரட்லியின் ஒதெல்லோவை மறுத்து, தன்னைத் தானே நாடகமாக்கிக்கொள்ளும் தற்பெருமையே அவனது வீழ்ச்சிக்கு வித்து என்று லீவிஸ் வாதிட்டார். டெக்ஸ்ரரும் ஒலிவியரும் இவ்விளக்கத்தையே தம் தயாரிப்பின் அடிப்படையாகக் கொண்டனர். எனவே, இப்படத்திலே நாம் காண்பது 'ஒதெல்லோ நாடகம்' அன்று. ஒதெல்லோ பற்றிய ஒரு விமர்சனக் கட்டுரை உடலும் குரலும் பெற்று நடமாடுவதையே காண்கின்றோம். முதல் அங்கத்திலே ஒலிவியரின் ஒதெல்லோ தன்னில் தானே மகிழ்ந்து நடைபோடும் விதத்தைக் கண்ட பின்னர் லீவிசை வாசித்தால், ஒரு கருத்து நடிகனின் இடுப்பசைவாக மாறுவது எவ்வாறு என்பது விளங்கும். பிரட்லியை ஏற்றுக்கொண்ட ஒருவர் இதே வரிகளை எவ்வாறு பேசியிருப்பார் என்ற வினாவும் உடன் எழும். அவ்வினா எழாத மாணவருக்கு இப்படம் பயனற்றது மாத்திரமன்று, தீங்கானதுமாகும். அவருக்கு லீவிசின் கருத்து சேக்ஸ்பியரின் கருத்தாகவே பதிந்துவிடும்.

அடுத்தது நடிப்பின் அளவு பற்றியது. ஓல்ட் விக்கின் மேல்மாடத்தில் அமர்ந்திருப்போரையும் எட்டுதற்கென அமைந்த குரலையும் கையசைவையும் கமரா ஓரடி தூரத்தில் நின்று நோக்குகிறது. மேடையில் பிரமாண்டமாயிருந்தது திரையில் மிகையாகிவிடுகின்றது. மறுதலையாக, மேடையிலே ஒலிவியரின் நிழலில் மங்கிப்போனதாகக் குறை கூறப்பட்ட பின்லேயின் இயாகோ, அண்மைக்காட்சியிலே கூர்மையும் வலிமையும் பெற்றுவிடுகின்றான். அவனது கண்ணோரச் சலனம் இப்போது நமக்குத் தெரிகிறது. மேல்மாடத்துக்கு அது தெரிந்திராது. பாத்திரங்களுக்கிடையிலான சமநிலையே இதனால் மாறுகின்றது. நடிகர் அவர்களே, பேச்சும் அதுவே, நெறியாள்கையும் அதுவே. கமரா நின்ற இடம் மட்டும் மாறியதால் நாடகம் இயாகோவின் பக்கமாகச் சாய்ந்துவிட்டது. ஓர் அளிக்கையைப் பதிவு செய்வது பொருள்கோடலும் ஆகும் என்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டியதில்லை.

இனி, ஒலிவியர் உடலெங்கும் கருமை பூசிக்கொண்டு நடித்தமை. அன்று வியந்து பாராட்டப்பட்ட இவ்வொப்பனை இன்றைய மாணவருக்கு அருவருப்பூட்டுகின்றது, ஊட்டவும் வேண்டும். ஆயினும், வாசிப்பின்போது நாம் வசதியாக மறந்துவிடும் ஒன்றை இப்படம் மறக்கவிடுவதில்லை. அச்சுப் பிரதியிலே ஒதெல்லோவின் நிறம் ஓரிரு வரிகளில் வந்துபோகும் செய்தி. மேடையிலோ அது ஒவ்வொரு கணமும் கண்முன் நிற்கும் உண்மை. இதன் மறுபக்கத்தை அறிய விரும்புவோர் ஜனற் சுஸ்மன் 1987இல் ஜொஹனஸ்பேர்க்கின் மார்க்கற் அரங்கிலே தயாரித்த ஒதெல்லோவைக் காணல் வேண்டும். அதன் ஒளிப்பதிவும் உண்டு. ஜோன் கனி என்ற கறுப்பின நடிகர் ஒதெல்லோவாக நடித்தார். வெள்ளையரும் வெள்ளையரல்லாதாரும் மணஞ்செய்வதைக் குற்றமாக்கிய சட்டம் தென்னாபிரிக்காவில் நீக்கப்பட்டு இரண்டாண்டுகளே கழிந்திருந்த காலமது. நிறவெறி ஆட்சி அப்போதும் நிலவியது. அந்த மேடையிலே ஒதெல்லோ டெஸ்டிமோனாவின் கையைப் பற்றியபோது அதற்கிருந்த பொருள், இன்று நம் திரையிலே அவர் அதே கையைப் பற்றும்போது இல்லை. அப்பொருளின் பெரும்பகுதி அந்த மண்டபத்தில் அமர்ந்திருந்தோரிடமும், மண்டபத்துக்கு வெளியே இருந்த அரசிடமும் தங்கியிருந்தது. கமரா மேடையைப் பதிவுசெய்தது, சமூகத்தைப் பதிவுசெய்யவில்லை. அதனை மாணவர் வரலாற்று நூல்களிலிருந்தே மீட்டெடுத்தாக வேண்டும். நடித்தவர், கண்டவர், காலம் ஆகிய மூன்றும் சேர்ந்தே அளிக்கை ஆகின்றது என்று விரிவுரைகளிலே நாம் எழுதிக்கொள்ளும் வாக்கியத்துக்கு இப்பதிவு இரத்தமும் சதையும் தருகிறது.

கமராவுக்கு அதிகம் இணங்கிவந்த தயாரிப்பு என மக்பெத்தைக் குறிப்பிடலாம். ட்ரெவர் நன் 1976இல் ஸ்ரற்போட்டிலே 'மற்ற இடம்' என்று பெயரிடப்பட்ட சிறிய தகரக் கொட்டகையொன்றில் இதனை மேடையேற்றினார். இயன் மக்கெலனும் ஜூடி டென்ச்சும் முதன்மைப் பாத்திரங்களை ஏற்றனர். காட்சியமைப்பு என்று சொல்ல ஏதுமில்லை. தரையிலே ஒரு வட்டம், சுற்றிலும் மரப்பெட்டிகள், அவற்றில் அமர்ந்திருக்கும் நடிகர்கள் தம் முறை வரும்போது வட்டத்துள் நுழைகின்றனர். பிலிப் கசன் இதனைத் தொலைக்காட்சிக்கெனப் பதிவுசெய்தார், 1979இல் ஒளிபரப்பாயிற்று. கொட்டகையிலே பார்வையாளர் நடிகரின் மூச்சுக் கேட்கும் தூரத்திலேயே இருந்தனர். ஆகவே நடிப்பு முன்னரே அடங்கிய அளவில் அமைந்திருந்தது. அண்மைக்காட்சி அதனைச் சிதைக்கவில்லை. இருளிலிருந்து முகங்கள் மாத்திரம் வெளிப்பட, முணுமுணுப்பாகப் பேசப்படும் மக்பெத்தின் தனிமொழிகள், படச்சட்ட மேடையில் உரத்த குரலிற் கேட்டவர்களுக்குப் புதியனவாகவே தோன்றும். தூக்கத்தில் நடக்கும் காட்சியிலே டென்ச் எழுப்பும் அந்த நீண்ட ஓலம் எந்தப் பாடநூலின் அடிக்குறிப்பிலும் அடங்காதது.

ஆனால் இழப்பும் இங்கேதான் உள்ளது. தொடக்கத்திலே வட்டத்தை ஒருமுறை முழுமையாகக் காட்டும் கமரா, பின்னர் பெரும்பாலும் முகங்களையே நாடிச் செல்கின்றது. வட்டத்தைச் சூழ அமர்ந்து, தாம் பங்குகொள்ளாத கொலையைக் கண்ணாற் கண்டுகொண்டிருக்கும் மற்ற நடிகர்கள் திரையிலிருந்து மறைந்துவிடுகின்றனர். வட்டக்களரியிலே விடிய விடியக் கூத்துப் பார்த்தவர்களுக்கு இவ்விழப்பின் கனதியை விளக்க வேண்டியதில்லை. களரியின் எதிர்ப்புறத்தில் அமர்ந்திருப்போரின் முகங்களும் ஆட்டத்தோடு சேர்ந்தே நமக்குத் தெரியும். நாம் பார்ப்பதை ஊரே பார்க்கிறது என்னும் உணர்வு அங்கு ஒருபோதும் அகல்வதில்லை. பேராசிரியர் சு. வித்தியானந்தன் அறுபதுகளிலே கூத்தை வட்டக்களரியிலிருந்து படச்சட்ட மேடைக்குக் கொணர்ந்தபோது ஆட்டமுறையும் நேர அளவும் மாறவேண்டியிருந்தமை நாமறிந்ததே. வெளி மாறின் கலையும் மாறும். மக்பெத் பதிவிலே வெளி மாறியது. கலை அதற்கேற்பப் பாதிதான் மாறிற்று.

இதன் விளைவை விருந்துக் காட்சியிலே தெளிவாகக் காணலாம். 1623ஆம் ஆண்டுப் பதிப்பின் மேடைக்குறிப்பின்படி பாங்கோவின் ஆவி வந்து மக்பெத்தின் ஆசனத்தில் அமர்கின்றது. 1611இல் குளோப் அரங்கிலே இந்நாடகத்தைக் கண்ட சைமன் போமன் என்னும் சோதிடர், ஆவி வந்து அமர்ந்ததைத் தம் குறிப்பேட்டிலே எழுதிவைத்துள்ளார். அக்காலத்து அளிக்கைகள் பற்றி நமக்குக் கிட்டியுள்ள மிகச் சில நேரடிச் சாட்சியங்களுள் அதுவுமொன்று. நன் தம் தயாரிப்பிலே ஆவியைத் தோன்றச் செய்யவில்லை. மக்கெலன் வெறுமையை நோக்கி அஞ்சுகின்றார். இது சிறிய மாற்றமன்று. ஆவியை நாம் கண்டால் மக்பெத்தின் கண்ணே நம் கண்ணாகிறது, அவனது குற்றத்தில் நாமும் இரகசியப் பங்காளிகளாகின்றோம், விருந்தினரே குருடர். ஆவியைக் காணாவிடின், நாம் விருந்தினரோடு சேர்ந்து அமர்ந்து, நிலைதடுமாறும் ஓர் அரசனை அச்சத்தோடு நோக்குகின்றோம். அதனை மறைக்கப் பாடுபடும் மனைவியின் தவிப்பே நமக்கு நெருக்கமானதாகின்றது. கொட்டகையிலே நன் வேண்டியது இந்த இரண்டாம் நிலையையே எனலாம். கமராவோ மக்கெலனின் முகத்தை நெருங்குகின்றது. முகத்தசையின் நடுக்கம் முழுவதும் தெரிகிறது. ஆனால் அந்த நடுக்கத்தையும், வெற்று ஆசனத்தையும், விருந்தினரின் பார்வையையும் ஒரேநேரத்தில் காண்பதற்கு வழியில்லை. நெறியாளர் நம்மை விருந்தினர் வரிசையில் அமர்த்தினார். கமரா கையைப் பிடித்து மக்பெத்தின் பக்கத்துக்கு இழுத்துச் செல்கின்றது. ஒரே காட்சியில் ஒன்றுக்கொன்று எதிரான இரு விளக்கங்கள்! பலர் புகழ்ந்த இப்பதிவின் உள்ளே இத்தகைய இழுபறி ஒன்று நிகழ்வதைக் கண்டுகொள்ளும் மாணவர், மக்பெத்தைப் பற்றி மட்டுமன்றி அரங்கக் கலையின் இயல்பைப் பற்றியும் ஏதோவொன்றைக் கற்றுக்கொண்டவராவார்.

கிரேக்க நாடகம் இன்னும் சிக்கலானது. ரைறோன் கத்ரி கனடாவின் ஸ்ரற்போட் விழாவுக்கெனத் தயாரித்த ஈடிப்பஸ் மன்னன், யேற்சின் மொழிபெயர்ப்பையும் தன்யா மொய்செவிச் வடிவமைத்த முகமூடிகளையும் கொண்டு 1957இலே படமாயிற்று. பல்லாயிரவர் திறந்தவெளியிலே பகலொளியில் அமர்ந்து காண்பதற்கென உருவானது கிரேக்க முகமூடி. அதன் பெருமிதம் தூரத்தில் உள்ளது. அதனைக் கமரா அருகிற் சென்று நோக்கும்போது முகமூடிக்குப் பின்னே அசையும் நடிகரின் வாயைக் கண்டு நம் கவனம் சிதறுகிறது. எனினும், முகபாவமே இன்றிக் கழுத்தின் சாய்வாலும் கையின் வீச்சாலும் மாத்திரம் ஈடிப்பஸின் வீழ்ச்சியைக் காட்டலாம் என்பதை டக்ளஸ் கம்பெல் நிறுவுகின்றார். அதனை நூலின் மூலம் மாத்திரம் நம்பவைத்தல் அரிது. பீற்றர் ஹோல் 1981இல் ஆண்களை மாத்திரம் கொண்டு முகமூடிகளுடன் தயாரித்த ஒறெஸ்ரெயா முத்தொகுதிக்கும் தொலைக்காட்சிப் பதிவு உண்டு. இவ்விரண்டையும் அடுத்தடுத்துக் கண்டால் 'கிரேக்க முறை' என்று ஒன்றைச் சுட்டிக்காட்டத் துணிய மாட்டோம்.

பார்வையாளர் முன்னிலையில் எடுக்கப்பட்ட பதிவுகளின் குணம் வேறு. கில்குட்டின் நெறியாள்கையில் றிச்சட் பேற்றன் நடித்த ஹம்லெற், 1964இலே நியூயோர்க் அரங்கில் இயல்பான அளிக்கைகளின்போதே படம்பிடிக்கப்பட்டு, அவ்வாண்டு செப்ரெம்பரில் அமெரிக்கத் திரையரங்குகளில் இரண்டே நாட்கள் காட்டப்பட்டது. ஒளி குறைவு, படம் தெளிவற்றது. ஆயினும் பார்வையாளரின் சிரிப்பு அதிற் பதிவாகியுள்ளது. ஹம்லெற்றைத் துயரமே உருவான இளவரசனாகப் பாடநூலிற் சந்தித்தவருக்கு, பேற்றன் வாய்திறக்கும்போதெல்லாம் மண்டபம் சிரிப்பது முதலில் அதிர்ச்சியளிக்கும். பிரதியைத் திரும்பப் புரட்டினால் அந்த நகைச்சுவை அங்கேயே இருந்தது தெரியவரும். படப்பிடிப்புக் கூடத்திலே செப்பமாக எடுக்கப்பட்ட எந்தப் பதிவும் இதனை நமக்குக் காட்டியிராது. தொழில்நுட்பத்தில் தாழ்ந்த இப்பதிவையே, கற்றலுக்கு உதவும் அளவில், நான் ஒலிவியரின் படத்துக்கு மேலாக வைப்பேன்.

ஒரு பதிவு ஓரிரவை மாத்திரமே காட்டும் என்பதையும் மறத்தலாகாது. 2015இல் இலண்டன் பார்பிக்கன் அரங்கிலே பெனடிக்ற் கம்பர்பாட்ச் ஹம்லெற்றாக நடித்தபோது, நாடகத்தின் புகழ்பெற்ற தனிமொழி முன்னோட்ட அளிக்கைகளிலே தொடக்கத்திற்கே கொண்டுவரப்பட்டிருந்தது. அதைப்பற்றிப் பெரும் வாதம் எழுந்தபின் அது இடம்மாற்றப்பட்டது. ஒக்ரோபரில் உலகெங்கும் திரையிடப்பட்ட பதிவிலே நாம் காண்பது மாற்றத்துக்குப் பின்னைய வடிவத்தை. முதற் கிழமையிற் சென்றவர்கள் கண்ட நாடகம் வேறொன்று. பதிவையே ஆதாரமாகக் கொண்டு அத்தயாரிப்பைப் பற்றி ஆய்வெழுதுவோர் அந்த வேறொன்றை அறியாமலே எழுதிவிடுவர்.

'அப்படியாயின் அச்சுப் பிரதியே நம்பத்தக்கது' என்று சிலர் மகிழ்ந்துவிடலாம். அவர்களுக்கும் ஆறுதலில்லை. ஒதெல்லோவின் 1622ஆம் ஆண்டுப் பதிப்பிலே டெஸ்டிமோனா பாடும் அலரிப் பாடல் இல்லை. மறுவருடம் வெளிவந்த பெருந்தொகுப்பிலே உண்டு. பிறெக்ற்றின் 'தைரியத் தாய்' 1941இல் சூரிச்சில் முதன்முதலாக மேடையேறியபோது, பார்வையாளர் அவளைப் பிள்ளைகளைப் பறிகொடுத்த தாயாக மாத்திரம் கண்டு கண்ணீர் வடித்தனர். போரினால் வயிறு வளர்க்கும் வியாபாரி என்ற மறுபாதி மறைந்துபோயிற்று. பிறெக்ற் பிரதியைத் திருத்தினார். முதற் காட்சியிலே அவள் இடைப்பட்டிக் கொளுவி ஒன்றுக்கு விலைபேசிக்கொண்டிருக்கும் வேளையிலேயே மூத்த மகனைப் படையினர் கொண்டுசெல்வதாக அமைத்தார். இன்று நாம் வாசிக்கும் 'மூலம்' ஓர் அளிக்கையின் விளைவாகப் பிறந்தது.

1949இல் பேர்லினிலே ஹெலன வைகல் நடிக்க இந்நாடகத்தை மேடையேற்றிய பிறெக்ற், ஏராளமான புகைப்படங்களை எடுப்பித்து, அவற்றோடு குறிப்புகளையும் சேர்த்து 'மாதிரி நூல்' ஒன்றை ஆக்கினார். பிற நெறியாளர் அதனைக் கண்மூடிப் பின்பற்ற வேண்டுமென்பது அவரது நோக்கமன்று. ஒவ்வொரு அசைவும் ஏன் அவ்வாறு அமைந்தது, வேறெவ்வாறு அமைந்திருக்கக்கூடும் என்று கேட்டு, தக்க காரணமிருப்பின் மாற்றுமாறே அவர் வேண்டினார். அதே தயாரிப்பை அடிப்படையாகக் கொண்டு 1961இல் பலிற்ஷும் வெக்வேர்த்தும் எடுத்த படத்திலே வைகலின் குரல், நடை, மகனைச் சுட்ட வெடியோசை கேட்டதும் தலையைப் பின்சாய்த்து ஓசையின்றித் திறக்கும் அவரது வாய் ஆகியன உள்ளன. மாதிரி நூலிலே இவற்றின் இயக்கம் இல்லை. அசையாத படங்களே உள்ளன. ஆனால் நூலில் இருக்கும் 'ஏன்' படத்தில் இல்லை. நம் துறைகளிலே நாடகப் பதிவுகள் காட்டப்படும்போது பெரும்பாலும் பத்து நிமிடத் துண்டொன்று ஓடி முடிந்ததும் விளக்கை ஏற்றிவிட்டு அடுத்த தலைப்புக்குச் செல்வதே வழக்கமாயுள்ளது. அதற்குப் பதிலாக அந்தப் பத்து நிமிடங்களை இரண்டாம் முறையும் ஓடவிட்டு, பிரதியைப் பக்கத்திலே திறந்துவைத்து, நடிகர் எங்கே நின்றார், யார் யாரைப் பார்த்தார், கமரா எந்த வரியில் எவரை விட்டு விலகிற்று, விலகாவிடில் என்ன தெரிந்திருக்கும் என்று மாணவரே மாதிரி நூலின் பக்கமொன்றை எழுதிப் பார்க்கலாம். வைகலின் அந்த ஓசையற்ற அலறலுக்கு மாத்திரம் அத்தகைய ஒரு பக்கத்தை எழுதுவதற்கு முழு விரிவுரை நேரமும் போதாது.